கணினி தாளம் கற்ற கதை

1996-இல் ஜப்பானில் வெளிவந்த ‘பராப்பா தி ராப்பர்’ விளையாட்டை, சாங்கியில் பல்கலைக்கழக விடுதியில் தங்கியிருக்கும் ஒரு மாணவர் இன்று தன் மடிக்கணினியில் ஓட்டலாம். பிளேஸ்டேஷன் கருவி வேண்டாம், கனத்த பழைய தொலைக்காட்சிப் பெட்டியும் வேண்டாம். பழைய கருவியைப் போலவே நடந்துகொள்ளும் எமுலேட்டர் என்ற மென்பொருள் போதும். படம் அன்றைக்கு இருந்ததைவிடத் தெளிவாகவே தெரியும். விரல் தாளத்தோடு சேருமா என்பதுதான் கேள்வி.

தாள விளையாட்டில் ஓடுவதும் சுடுவதும் இல்லை. பாட்டு ஓடுகிறது, அடி விழும் இடத்தில் பொத்தானை அழுத்த வேண்டும். ஒரு நொடியை நூறாகப் பிரித்தால் அதில் சில பங்கு தவறினாலே ஆட்டம் கெட்டுவிடும். காதும் கண்ணும் விரலும் ஒரே கணத்தில் சந்திக்க வேண்டும் என்பதுதான் இதன் ஒரே விதி. அந்த விதிக்குக் கணினி பழகி வந்த கதை இது. அதன் தொடக்கம் நம் சிங்கப்பூரில், சைனாடவுனில், ஒரு சிறிய கடையில் இருக்கிறது.

பேர்ல்ஸ் சென்டரில் ஒரு கடை

சிம் வோங் ஹூ 1955-இல் பிறந்தவர். புக்கிட் பாஞ்சாங் கம்பத்தில், பன்னிரண்டு பிள்ளைகள் உள்ள வீட்டில் பத்தாவதாக வளர்ந்தார். நீ ஆன் தொழில்நுட்பக் கல்லூரியில் படித்து 1975-இல் வெளியே வந்தார். ஹார்மோனிகா வாசிப்பதில் அவருக்குத் தீராத ஆசை. கணினியை வைத்துக் கணக்குப் போடலாம், கடிதம் அடிக்கலாம் என்று மற்றவர்கள் பார்த்துக்கொண்டிருந்தபோது, அதைப் பேசவும் பாடவும் வைக்க முடியும் என்று அவர் நம்பியதற்கு அந்த இசைப் பித்தும் ஒரு காரணம்.

1981 ஜூலை 1 அன்று, பள்ளித் தோழர் இங் காய் வாவுடன் சேர்ந்து கிரியேட்டிவ் டெக்னாலஜி நிறுவனத்தைத் தொடங்கினார். இடம், சைனாடவுன் பேர்ல்ஸ் சென்டர். கணினி பழுதுபார்ப்பதுதான் முதல் தொழில். அந்தக் கட்டடம் இன்று இல்லை. எம்ஆர்டி ரயில் பாதைக்காக இடிக்கப்பட்டுவிட்டது. பழுதுபார்த்துக்கொண்டே ஆப்பிள் 2 கணினிக்கு நினைவக அட்டை செய்தார்கள். பிறகு சொந்தமாகக் கணினியே செய்தார்கள். 1986-இல் வந்த ‘க்யூபிக் சிடி’ சீன எழுத்துகளைக் காட்டியது, பேசியது, இசையும் எழுப்பியது. ஆனால் விற்கவில்லை. ஐபிஎம் வகைக் கணினிகள் உலகச் சந்தையை நிரப்பிக்கொண்டிருந்த நேரத்தில் இன்னொரு கணினியை வாங்க ஆள் இல்லை.

அந்தத் தோல்வியிலிருந்து அவர் எடுத்த முடிவுதான் கதையின் திருப்பம். முழுக் கணினியையும் விட்டுவிட்டு, அதற்குள் இருந்த ஒலிப் பகுதியை மட்டும் தனியே பிரித்தெடுத்தார். எல்லாருடைய கணினியிலும் செருகக்கூடிய ஓர் அட்டையாக அதை மாற்றினார். 1987-இல் ‘கிரியேட்டிவ் மியூசிக் சிஸ்டம்’ என்ற பெயரில் அந்த அட்டை வெளிவந்தது. ஒரே நேரத்தில் பன்னிரண்டு குரல்களை அது எழுப்பியது.

அந்தக் காலத்து ஐபிஎம் வகைக் கணினிக்குள் இருந்தது ஒரு சிறிய ஒலிபெருக்கி மட்டுமே. ஒரு நேரத்தில் ஒரு சுரத்தை ‘பீப்’ என்று ஒலிக்கும். அதற்குமேல் எதுவும் தெரியாது. மேளமும் பாட்டும் சேர்ந்து ஒலிக்க வழியே இல்லை.

ஓர் அட்டையில் இரண்டு வாசல்கள்

1988-இல் சிம் வோங் ஹூ அமெரிக்கா போனார். அங்கே அதே அட்டை ‘கேம் பிளாஸ்டர்’ என்ற புதுப் பெயரில் ரேடியோ ஷாக் கடைகளில் விற்றது. ஆனால் கனடாவின் கியூபெக் நகரத்து ஆட்லிப் நிறுவனம் முந்திக்கொண்டிருந்தது. யமஹாவின் ஒய்எம்3812 சில்லை வைத்து அவர்கள் செய்த அட்டையின் ஒலி கேட்க இனிமையாக இருந்தது. விளையாட்டு செய்பவர்களும் அதற்கே இசை எழுதினார்கள்.

கிரியேட்டிவ் கொடுத்த பதில் 1989 நவம்பரில், லாஸ் வேகஸ் காம்டெக்ஸ் கண்காட்சியில் வெளிப்பட்டது. பெயர் ‘சவுண்ட் பிளாஸ்டர்’. ஆட்லிப் அட்டையில் இருந்த அதே யமஹா சில்லு இதிலும் இருந்தது. ஆகவே ஆட்லிப்புக்கு எழுதிய இசையெல்லாம் இதிலும் ஒலித்தது. அதோடு ஆட்லிப்பில் இல்லாத இரண்டு வசதிகளைச் சேர்த்தார்கள்.

முதலாவது, எண்களாகப் பதிந்த ஒலியை அப்படியே திருப்பி ஒலிக்கும் திறன். மனிதக் குரல், கைதட்டல், உண்மையான மேளத்தின் அடி எல்லாவற்றையும் பதிந்து வைத்துத் தேவையான கணத்தில் ஒலிக்க விடலாம். தரம் 8 பிட் மட்டுமே, கரகரப்பாகத்தான் இருக்கும். ஆனாலும் ஐபிஎம் வகைக் கணினி மனிதக் குரலைத் தேவைப்பட்ட நொடியில் எழுப்பியது. தாள விளையாட்டுக்கு அடிப்படையே அதுதான்.

இரண்டாவது, ஜாய்ஸ்டிக் செருகும் வாசல். அதுவரை ஜாய்ஸ்டிக் வேண்டும் என்றால் பெரும்பாலும் தனி அட்டை வாங்கிக் கணினிக்குள் இன்னோர் இடத்தை அடைக்க வேண்டும். சவுண்ட் பிளாஸ்டர் வாங்கியவருக்கு அந்தச் செலவு மிச்சம். கேட்கும் வாசலும் கை வைக்கும் வாசலும் ஒரே அட்டையில் சேர்ந்தன. கணினியில் விளையாட்டு வளர்ந்ததற்கு இந்தச் சேர்க்கை பெரிய காரணம் என்று நான் நினைக்கிறேன்.

விரைவிலேயே கணினிகளுக்கு அதிகம் விற்ற துணை அட்டை அதுவானது. 1992-இல் 16 பிட் தரத்தில் ‘சவுண்ட் பிளாஸ்டர் 16’ வந்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் கிரியேட்டிவ் அமெரிக்காவின் நாஸ்டாக் பங்குச் சந்தையில் பட்டியலிடப்பட்டது. அந்தச் சந்தையில் இடம்பெற்ற முதல் சிங்கப்பூர் நிறுவனம் அது. மற்ற நிறுவனங்கள் தங்கள் அட்டைப் பெட்டிகளில் “சவுண்ட் பிளாஸ்டரோடு ஒத்துப்போகும்” என்று அச்சிட்டுத்தான் விற்க வேண்டியிருந்தது. அந்தக் காலத்தில் விளையாடியவர்களுக்கு 220, 5, 1 என்ற மூன்று எண்கள் மறந்திருக்காது. விளையாட்டை நிறுவும்போது ஒலி எங்கிருந்து வரும் என்று கேட்கும். இந்த எண்களைக் கொடுத்தால்தான் சத்தம் வரும். தேக்காவிலிருந்து நடந்தே போகும் தூரத்தில் இருக்கும் சிம் லிம் ஸ்குவேருக்குப் போய்ப் பாகங்கள் வாங்கித் தாங்களே கணினி கட்டியவர்களுக்கு அவை மனப்பாடம்.

ஜப்பானில் பிறந்த ஆட்டம்

கணினிக்குக் குரல் வந்துவிட்டது. ஆனால் தாள விளையாட்டு பிறந்தது கணினியில் அல்ல. 1994 டிசம்பரில் சோனியின் பிளேஸ்டேஷன் ஜப்பானில் விற்பனைக்கு வந்தது. ஒரே நேரத்தில் 24 குரல்கள், குறுந்தட்டுத் தரத்தில் ஒலி. மசாயா மட்சுரா என்ற இசைக்கலைஞர் இந்தக் கருவியை வாத்தியமாக்கினார். அமெரிக்க ஓவியர் ராட்னி கிரீன்பிளாட் படம் வரைந்தார். 1996 டிசம்பர் 6 அன்று ‘பராப்பா தி ராப்பர்’ வெளிவந்தது.

அதில் ஆசிரியர் ஒரு வரியைத் தாளத்தோடு சொல்வார். பராப்பா என்ற நாய்க்குட்டி அதே வரியைத் திருப்பிச் சொல்ல வேண்டும். சொல்ல வைப்பது நம் விரல். மிருதங்க வகுப்பில் குரு சொற்கட்டைச் சொல்ல, சீடப் பிள்ளை தொடையில் தட்டிக்கொண்டு அதையே திருப்பிச் சொல்லுமே, அதே முறை. ஸ்டார்லைட் சாலையில் இருக்கும் சிங்கப்பூர் இந்திய நுண்கலைக் கழகத்தில் லயம் படித்த பிள்ளைக்கு இந்த விளையாட்டை யாரும் விளக்க வேண்டியதில்லை. பாட்டின் எடுப்பு தாளத்துக்குச் சற்று முன்னே விழுகிறதா, பின்னே விழுகிறதா என்று கேட்டுப் பழகிய காது அது. பராப்பாவில் இன்னொரு நயமும் உண்டு. சொன்னதைச் சொன்னபடி அடித்தால் ‘குட்’ என்ற நிலையோடு நின்றுவிடுவோம். அதற்கும் மேலான ‘கூல்’ நிலைக்குப் போக, தாளத்துக்குள் நின்றுகொண்டே சொந்தமாக எதையாவது வாசிக்க வேண்டும்.

அடுத்து கொனாமி நிறுவனம் வந்தது. 1997 டிசம்பரில் விளையாட்டுக் கூடங்களில் ‘பீட்மேனியா’, 1998-இல் ‘டான்ஸ் டான்ஸ் ரெவல்யூஷன்’. முதலாவது டிஜே மேசை. இரண்டாவது காலால் ஆடும் மேடை. இரண்டும் பிறகு பிளேஸ்டேஷனுக்கும் வந்தன.

இவை கருவியில் நன்றாக ஓடியதற்குக் காரணம் எளிமையானது. எல்லா பிளேஸ்டேஷனும் ஒன்றுதான்: அதே சில்லு, அதே கன்ட்ரோலர். செருகிய தொலைக்காட்சியும் பழைய குழாய் வகை. சமிக்ஞை வந்த கணத்திலேயே கோடு கோடாகத் திரையில் தீட்டும் கருவி. பொத்தானை அழுத்தியதிலிருந்து ஒலி கேட்பதுவரை ஆகும் நேரம் எல்லா வீட்டிலும் ஏறத்தாழ ஒன்றாகவே இருந்தது. விளையாட்டைச் செய்தவர்கள் அந்த நேரத்தை மனத்தில் வைத்தே அடிகளைக் கோத்தார்கள்.

கணினிக்குள் குடியேறியது

ரசிகர்கள் காத்திருக்கவில்லை. 1998-இலேயே ஜப்பானில் உராவோ யானே உள்ளிட்டோர் பிஎம்எஸ் என்ற எழுத்துக் கோப்பு வடிவத்தை உருவாக்கினார்கள். எந்த அடி எப்போது விழும், எந்த ஒலி எழும் என்று அதில் எழுதிவிட்டால் பீட்மேனியா போன்ற ஆட்டத்தைக் கணினி விசைப்பலகையிலேயே ஆடலாம். 2001-இல் ‘ஸ்டெப்மேனியா’ வந்தது: நடன விளையாட்டுக்கான திறந்த மூல மென்பொருள், யாரும் எடுத்துத் திருத்தலாம். 2007-இல் ஆஸ்திரேலியரான டீன் ஹெர்பர்ட், நின்டெண்டோ டிஎஸ் கருவியில் வந்த ‘ஓசு! தடகாயே! ஓயெண்டான்’ விளையாட்டைப் பார்த்து அதன் ஆட்டமுறையில் ‘ஓசு!’ செய்தார்.

இன்னொரு பாதை, அசல் தட்டையே கணினியில் ஓட்டுவது. 1999 ஜனவரியில் கனெக்டிக்ஸ் நிறுவனம் மெக்கின்டாஷில் பிளேஸ்டேஷன் தட்டுகளை ஓட்டும் மென்பொருளைக் காட்டியது. அதே ஆண்டு விண்டோஸுக்கு ‘ப்ளீம்’ வந்தது. சோனி இரண்டு நிறுவனங்கள்மீதும் வழக்குப் போட்டது. 2000 பிப்ரவரியில் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் கனெக்டிக்ஸுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. ஒரு கருவியைப் போலவே இயங்கும் மென்பொருளைப் புதிதாக எழுதுவதற்காக, அந்தக் கருவியின் உள்மென்பொருளைப் பிரதி எடுத்து ஆராய்வது நியாயமான பயன்பாடு என்றது தீர்ப்பு. சோனி பின்னர் கனெக்டிக்ஸின் அந்த மென்பொருளை விலைக்கு வாங்கி நிறுத்திவிட்டது. ப்ளீம் நிறுவனமும் 2001-இல் மூடப்பட்டது. ஆனால் தீர்ப்பு நின்றது. பிளேஸ்டேஷன் 2 விளையாட்டுகளை ஓட்டும் பிசிஎஸ்எக்ஸ்2 போன்ற எமுலேட்டர்கள் பின்னாளில் வளர்ந்தன.

தாமதம் எங்கே ஒளிந்திருக்கிறது

கணினியில் ஆட்டம் ஓடியது, தாளம் பிசகியது. இதுதான் உண்மையான சிக்கல். சண்டை விளையாட்டில் கொஞ்சம் தாமதம் இருந்தால் பொறுத்துக்கொள்ளலாம். தாள விளையாட்டில் தாமதமே தோல்வி.

அந்தத் தாமதம் ஒரே இடத்தில் இல்லை. யுஎஸ்பி வழியே செருகிய சாதாரண கன்ட்ரோலரைக் கணினி நொடிக்கு 125 முறை எட்டிப்பார்க்கும். அங்கே 8 மில்லி விநாடிவரை போகலாம். திரை நொடிக்கு 60 முறை மாறும். ஒரு படத்துக்கு 16.7 மில்லி விநாடி. தட்டையான தொலைக்காட்சிகள் படத்தை மெருகேற்றுவதற்காகப் பிடித்து வைத்துக்கொண்டு தாமதமாகக் காட்டும். ஒலியின் கதை இன்னும் முக்கியம். கணினி ஒலியைத் துளித்துளியாக அனுப்புவதில்லை. பஃபர் என்ற தொட்டியில் நிரப்பி மொத்தமாக அனுப்புகிறது. நொடிக்கு 48,000 மாதிரிகள் என்ற கணக்கில், 1,024 மாதிரி கொள்ளும் தொட்டி என்றால் 21 மில்லி விநாடி போய்விடும். 128 என்று சுருக்கினால் 3 மில்லி விநாடிக்கும் குறைவு. மிகவும் சுருக்கினால் தொட்டி வற்றி ஒலி வெடிக்கும். புளூடூத் காதொலிப்பானைப் போட்டால் இத்தனை கணக்கும் வீண். அது மட்டுமே பெரும்பாலும் நூறு மில்லி விநாடிக்கு மேல் எடுத்துக்கொள்ளும்.

இதற்கு இரண்டு வகை மருந்து பிறந்தது. ஒன்று, அளந்து சரிசெய்யும் திரை. மெட்ரோனோம்போல் அடி விழும்; நாம் கூடவே தட்டுவோம். சராசரியாக எவ்வளவு பிந்துகிறோம் என்று விளையாட்டு கணக்கிட்டு, தன் தீர்ப்பை அதே அளவு தள்ளி வைத்துக்கொள்ளும். 2008-இல் வந்த ‘ராக் பேண்ட் 2’ விளையாட்டின் கிட்டார் வடிவக் கன்ட்ரோலரில் ஒளியையும் ஒலியையும் உணரும் சிறு கருவிகளைப் பொருத்தி, கிட்டாரே தொலைக்காட்சியை அளந்துகொள்ளும்படி செய்தார்கள்.

ஆனால் இந்த மருந்து எல்லா ஆட்டத்துக்கும் பலிக்காது. நடன விளையாட்டில் பாட்டு தானாக ஓடும். நாம் அதைத் தொடர்ந்தால் போதும். அங்கே அளவீடு போதும். பராப்பாவிலும் பீட்மேனியாவிலும் அழுத்துவதால்தான் ஒலியே பிறக்கிறது. விரல் பட்டு, ஒலி பிந்தி வந்தால், எத்தனை முறை அளந்தாலும் அது பிந்தித்தான் வரும். அதற்கு ஒலியின் பாதையையே சுருக்க வேண்டும். அதுதான் இரண்டாவது மருந்து. 1997-இல் ஜெர்மனியின் ஸ்டைன்பர்க் நிறுவனம் இசைக்கலைஞர்களுக்காக ஆசியோ என்ற குறுக்குப் பாதையை உருவாக்கியது. அதுவரை பெரும்பாலும் ஒலிப்பதிவுக் கூடங்களின் விலையுயர்ந்த கருவிகளில் இருந்த அந்த வசதி, 2001-இல் கிரியேட்டிவின் ‘ஆடிஜி’ அட்டை வழியாக வீட்டுக் கணினிக்கும் வந்தது. 2007-இல் விண்டோஸ் விஸ்டா தன் சொந்தக் குறுக்குப் பாதையான வசாபியைக் கொண்டுவந்தது. இன்றைய எமுலேட்டர்கள் பல வசாபியைப் பயன்படுத்துகின்றன.

திரை தேவைப்படாத தாள விளையாட்டு

2007-இல் சிங்கப்பூர் மீண்டும் இந்தக் கதைக்குள் வருகிறது. நம் ஊடக மேம்பாட்டு ஆணையமும் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகமும் 2006-இல் கூட்டாக ‘காம்பிட்’ என்ற விளையாட்டு ஆய்வகத்தைத் தொடங்கின. 2007 கோடையில் சிங்கப்பூர் மாணவர்கள் அமெரிக்கா போய், அங்குள்ள மாணவர்களோடு சேர்ந்து விளையாட்டுகள் செய்தார்கள். அவற்றுள் ஒன்று ‘ஆடியோடிசி’. பட்டமேற்படிப்பு மாணவர் ஐடன் கிளினெர்ட் வழிநடத்திய கணினித் தாள விளையாட்டு அது.

பார்வை உள்ளவரும் இல்லாதவரும் சமமாக ஆட வேண்டும் என்பதே அதன் நோக்கம். ஆடுபவர் ஒரு டிஜே. தாளத்தோடு கையை வீச வீச, ஒவ்வோர் அடுக்காக இசை சேரும். கூட்டம் ஆடத் தொடங்கும். விசைப்பலகையாலும் ஆடலாம், அப்போதுதான் வந்திருந்த நின்டெண்டோ வீயின் கைக்கருவியைக் கணினியோடு இணைத்தும் ஆடலாம். கன்சோலின் கை, கணினியின் குரல், கண்ணுக்கு வேலையே இல்லை. எனக்கு இந்த விளையாட்டின்மேல் தனி மதிப்பு உண்டு. தாள விளையாட்டின் உயிர் படத்தில் இல்லை, காதிலும் கையிலும்தான் இருக்கிறது என்பதை அந்த மாணவர்கள் செய்து காட்டிவிட்டார்கள்.

அதே தொழில்நுட்பக் கழகத்தின் ஒத்துழைப்போடு உருவான சிங்கப்பூர் தொழில்நுட்ப, வடிவமைப்புப் பல்கலைக்கழகம் 2012-இல் முதல் மாணவர்களைச் சேர்த்தது. 2015-இல் சாங்கி வட்டாரத்தின் சோமப்பா சாலையில் நிரந்தர வளாகத்துக்கு வந்தது. அங்கும் விளையாட்டு ஆய்வகம் ஒன்று உருவானது. பேர்ல்ஸ் சென்டரில் தொடங்கிய பாதை அப்பர் சாங்கிவரை வந்திருக்கிறது.

சிம் வோங் ஹூ 2023 ஜனவரி 4 அன்று 67 வயதில் காலமானார். ஒலி இன்று பெரும்பாலான கணினிகளின் தாய்ப்பலகையிலேயே அடங்கிவிட்டது. தனி அட்டை வாங்குபவர்கள் குறைவு. அவர் தொடங்கிய வேலை அத்தனை முழுமையாக நடந்து முடிந்திருக்கிறது.

இனி உங்களிடம் ஒரு வேண்டுகோள். வீவக வீட்டு ஸ்டோர் ரூமில் பழைய பிளேஸ்டேஷன் தட்டுகள் இருந்தால் எறிந்துவிடாதீர்கள். குறுந்தட்டு கெட்டுப்போகும் பொருள். இன்று படிக்கும் தட்டு பத்தாண்டு கழித்துப் படிக்காமல் போகலாம். விளையாட்டை உங்கள் தட்டிலிருந்தும், எமுலேட்டர் கேட்கும் உள்மென்பொருளை உங்கள் கருவியிலிருந்தும் நீங்களே பிரதி எடுத்துக்கொள்ளுங்கள். ஊர் பேர் தெரியாத இடத்திலிருந்து இறக்கியதைவிட அதுவே நேர்மையானது. கம்பி வைத்த காதொலிப்பானைச் செருகுங்கள். தொலைக்காட்சியில் ஆடுவதானால் ‘கேம் மோட்’ போடுங்கள். ஒலித் தொட்டியை வெடிக்காத அளவுக்குச் சுருக்குங்கள். விளையாட்டில் அளவீட்டுத் திரை இருந்தால் முதலில் அதைத் திறந்து, கண்ணை மூடிக்கொண்டு தட்டிப் பாருங்கள். பிறகு பிள்ளைகளை அழைத்து ஆட வையுங்கள். தாளம் படிக்கும் பிள்ளை வீட்டில் இருந்தால், அந்தப் பிள்ளையிடம் கன்ட்ரோலரை முதலில் கொடுங்கள்.